ஐயத்துக்குப் பின்னும் நீடித்த உறவு: ‘பூனை’ என்ற ஒற்றரின் வழக்கு, பாரிஸ் 1941–42

1942 ஜனவரி மாதம், ஜெர்மானியப் படையின் பிடியில் இருந்த பாரிஸில், ஓர் ஒற்றர் தாம் நெருங்கிப் பழகிய பெண் ஒற்றரிடம், எதிரிக்கு வேலை செய்கிறாயா என்று நேருக்கு நேர் கேட்டார். அந்தப் பெண் உடைந்துபோய் ஒப்புக்கொண்டார். அந்தத் தொழிலின் எழுதாத சட்டப்படி அன்றே அவருடைய உயிர் போயிருக்க வேண்டும், போகவில்லை. ஏறத்தாழ ஆறு வாரங்களுக்குப் பின், எதிரியின் ஒப்புதலோடே, இருவரும் ஒன்றாகப் படகேறி இங்கிலாந்து போய்ச் சேர்ந்தார்கள். இரண்டாம் உலகப் போரின் ஒற்றர் வரலாற்றில் காதலும் காட்டிக்கொடுத்தலும் இவ்வளவு நெருக்கமாகப் பின்னிக் கிடக்கும் வழக்கு அரிது.

அந்தப் பெண்ணின் பெயர் மத்தில்த் கார்ரே. ஒற்றர் வட்டத்தில் ‘லா ஷாத்’, அதாவது ‘பூனை’, என்று அழைக்கப்பட்டவர். ஐயப்பட்டுக் கேட்டவர் பியர் த வொமெகூர். ‘லூகா’ என்ற மறைபெயரில் பிரிட்டனின் சிறப்புச் செயற்பாட்டு அமைப்பான எஸ்.ஓ.இ.க்காக இயங்கியவர். காதலில் மயங்கிய ஒற்றர்கள் ஏமாந்தார்கள் என்ற பாடத்துக்கு எடுத்துக்காட்டாகவே இவ்வழக்கு பெரும்பாலும் சொல்லப்படுகிறது. நிகழ்வுகளை வரிசைப்படுத்திப் பார்த்தால் எனக்குத் தோன்றுவது நேர்மாறானது. தொலைவில் இருந்தவர்கள் ஆராயாமல் நம்பினார்கள். மிக அருகில் இருந்த ஒருவர்தான் ஐயப்பட்டார். ஐயம் உறுதியான பின்னும் அவர் உறவை முறிக்கவில்லை. அந்தப் பெண் திரும்பி வருவதற்கு ஒரு வழியைத் திறந்து வைத்ததுதான், வேறு எந்த வகையிலும் கிடைத்திராத பலனைத் தந்தது.

வலை உருவான விதம்

1908-இல் பிரான்ஸின் லெ க்ரூசோவில் பிறந்த மத்தில்த், ஆசிரியர் ஒருவரை மணந்து அல்ஜீரியாவில் வாழ்ந்தவர். போர் மூண்டபோது செவிலியராகப் பணியாற்றினார். 1940-இல் பிரான்ஸ் வீழ்ந்தபின், இலையுதிர் காலத்தில், துலூஸ் நகர உணவகம் ஒன்றில் போலந்து விமானப்படை அதிகாரி ரோமன் செர்னியாவ்ஸ்கியைச் சந்தித்தார். தோற்ற படையின் அதிகாரியாக ஒளிந்து வாழ்ந்த அவருக்குப் பிரெஞ்சு சரளமாக வராது. மொழி கற்றுக்கொடுப்பதாகத் தொடங்கிய பழக்கம், சில வாரங்களில் ஓர் ஒற்றர் வலையமைப்பைத் தொடங்கும் திட்டமாக மாறியது. அந்த ஆண்டின் இறுதிக்குள் பாரிஸில் ‘இன்டர்அல்லியே’ பிறந்தது.

அது சிறிய முயற்சி அன்று. ஜெர்மானியப் பிடியில் இருந்த பிரான்ஸை 14 பகுதிகளாகப் பிரித்து, ஒவ்வொன்றிலிருந்தும் படை நகர்வு, விமானத்தளம், துறைமுகம் பற்றிய செய்திகளைத் திரட்டினார்கள். தொடக்கத்தில் ரயில் பெட்டியின் கழிப்பறையில் மறைத்து அனுப்பிய அறிக்கைகள், 1941-இன் நடுவிலிருந்து வானொலி வழியாகவே லண்டன் சென்றன. ‘பூனை தெரிவிக்கிறது’ என்ற தொடரோடு செல்லும் செய்திகளை லண்டன் பெரிதும் மதித்தது. மத்தில்த் செய்திகளைத் தொகுத்தார், ஆட்களைச் சந்தித்தார்; 1941 அக்டோபரில் செர்னியாவ்ஸ்கி ஆலோசனைக்காக லண்டனுக்கு விமானத்தில் அழைத்துச் செல்லப்பட்டபோது வலையின் பொறுப்பும் அவர் கையில்தான் இருந்தது.

இவ்வளவு உழைப்பின் நடுவே ஒரு விரிசல் விழுந்தது. லூனேவில் நகரைச் சேர்ந்த ரெனே போர்னி என்ற இளம் விதவையைச் செர்னியாவ்ஸ்கி பாரிஸுக்கு அழைத்து வந்து, ‘வயலெத்’ என்ற மறைபெயரில் சங்கேதப் பணியில் அமர்த்தினார். அவரோடு வாழவும் தொடங்கினார். தாம் கட்டிய வீட்டில் தாம் விருந்தாளியாகிவிட்டதாக மத்தில்த் உணர்ந்தார். பெண்களின் பொறாமை என்று இதை ஒதுக்கிவிடுகிறவர்கள் வழக்கின் வேரை ஒதுக்கிவிடுகிறார்கள். மறைவாழ்க்கையில் ஊதியமோ பதவியோ பாராட்டோ கிடையாது. உடன் இருப்பவரின் மதிப்பு ஒன்றே கூலி. அது பறிபோனதை மத்தில்த்தைச் சுற்றியிருந்த யாரும் பாதுகாப்புச் சிக்கலாகக் கருதவில்லை.

இரண்டாவது பிழை அமைப்பு சார்ந்தது. ஒற்றருக்கு ஒற்றர் முகம் தெரியக் கூடாது என்பதும், ஓர் ஒற்றர் கொணர்ந்ததை இன்னோர் ஒற்றரால் சரிபார்க்க வேண்டும் என்பதும் நம் முன்னோரும் அறிந்த பழைய விதிகள். இன்டர்அல்லியேயில் பலர் பலரை அறிந்திருந்தார்கள். மத்தில்த் ஒருவரோ ஏறத்தாழ எல்லோரையும் அறிந்திருந்தார். 1941 நவம்பர் 16 அன்று வலையின் முதலாண்டு நிறைவை முதன்மையானவர்கள் ஒன்றுகூடிக் கொண்டாடினார்கள். அப்போது ஷெர்பூர் பக்கம் பிடிபட்ட கூட்டாளி ஒருவர் ஏற்கெனவே ஜெர்மானியர் வசம் மாறிவிட்டிருந்தார்.

ஓர் இரவில் மாறிய பக்கம்

ஜெர்மானியப் படை உளவுத்துறையான ஆப்வேரின் சார்ஜென்ட் ஹ்யூகோ பிளைக்கர், ஹாம்பர்க்கில் வணிகத் தொழிலில் இருந்தவர். பிரெஞ்சு நன்கு பேசுவார். அடித்து வாங்குவதைவிடப் பேசி வாங்குவதில் வல்லவர். விருந்து முடிந்த இரண்டு நாள்களுக்குள் மோன்மார்த்ரில் செர்னியாவ்ஸ்கியும் ரெனேயும் பிடிபட்டார்கள். தொடர்ந்து மத்தில்த்தும் பிடிபட்டார். அவரை முதலில் சான்தே சிறையில் அடைத்தார்கள். குளிரும் அழுக்கும் நிறைந்த அந்த அறையில் ஓர் இரவு கழிந்தபின், வசதியான விடுதி அறைக்கு அழைத்து வந்து, நல்ல உணவு கொடுத்து, ஒத்துழைத்தால் விடுதலை, மறுத்தால் சாவு என்று பிளைக்கர் பேசினார். மறுநாளே மத்தில்த் அவருடன் காரில் சென்று, குறித்த இடத்தில் குறித்த நேரத்தில் தம்மைக் காண வந்த தோழர்களை அடையாளம் காட்டத் தொடங்கினார்.

இதற்கு மென்மையான சொல் தேட வேண்டியதில்லை. இது காட்டிக்கொடுத்தல்தான். 60-க்கும் மேற்பட்டோர் பிடிபட்டார்கள். வதைமுகாமுக்குப் போய்த் திரும்பாதவர்களும் அவர்களில் உண்டு. சில நாள்களில் மத்தில்த் பிளைக்கரின் காதலியாகவும் ஆனார். பின்னாளில் வழக்குமன்றத்தில் படிக்கப்பட்ட அவருடைய நாட்குறிப்பில், தமக்கு அப்போது வேண்டியிருந்தவை நல்லதொரு சாப்பாடு, ஓர் ஆண், இன்னொரு முறை மோசார்ட்டின் இரங்கலிசை என்று அவர் எழுதியிருந்தது, கேட்டவர்களை உறைய வைத்தது.

கைப்பற்றிய வானொலிகளைப் பிளைக்கர் மூடிவிடவில்லை. செர்னியாவ்ஸ்கி பிடிபட்டார், வலையைத் தாமே மீட்டு நடத்துகிறேன் என்று மத்தில்த்தின் பெயரால் லண்டனுக்குச் செய்தி போயிற்று. ‘விக்துவார்’ என்ற புதிய மறைபெயரும் வைக்கப்பட்டது. தலைவர் பிடிபட்டும் துணைத்தலைவரும் வானொலியும் சங்கேதமும் தப்பியது எப்படி என்ற கேள்வி எழுந்திருக்க வேண்டும். ஓராண்டாக வந்த நல்ல செய்திகளின் மதிப்பு அந்தக் கேள்வியை அமுக்கிவிட்டது. லண்டன் நம்பியது.

லூகாவின் வருகை

பியர் த வொமெகூர் 1941 மே மாதம் பாரசூட்டில் இறங்கி ‘ஆட்டோஜைரோ’ என்ற வலையமைப்பைக் கட்டியவர். எஸ்.ஓ.இ.யின் பிரெஞ்சுப் பிரிவு அனுப்பிய முதல் ஆளான ஜார்ஜ் பெகே அவருக்கு முன் சில நாள்களில் இறங்கியிருந்தார். பியருடைய செய்திகள் அவர் வழியாகத்தான் லண்டனை எட்டின. அக்டோபரில் மார்சேயில் பெகே பிடிபட்டதும் பியர் ஊமையானார். பணமும் ஆயுதமும் ஆளும் வேண்டும். கேட்க வாய் இல்லை. டிசம்பர் இறுதியில் மிஷேல் ப்ரோ என்ற வழக்கறிஞர் வழியாக, லண்டனோடு பேசும் வானொலி உடைய ஒரு பெண்ணின் அறிமுகம் கிடைத்தது. பியர் பேசியவை லண்டனைச் சேர்ந்தன, மறுமொழியும் வந்தது. ஆனால் ஒவ்வொரு சொல்லும் பிளைக்கரின் மேசையைக் கடந்தே போனது, கடந்தே வந்தது.

இந்த நாள்களில்தான் இருவரும் நெருங்கினார்கள். பியர் துணிச்சலும் நற்குடிப் பண்பும் கொண்ட மனிதர். மத்தில்த்தைப் பிளைக்கர் நடத்தியதுபோல் பிடிபட்ட பொருளாக நடத்தாமல், பொறுப்பான தோழராக நடத்தினார். செர்னியாவ்ஸ்கியிடம் இழந்ததாக அவர் எண்ணிய மதிப்பு இங்கே திரும்பக் கிடைத்தது. இவர்களைக் காதலர்கள் என்றே பலரும் எழுதியிருக்கிறார்கள். ஒரு பக்கம் ஏக்கமும் மறுபக்கம் கடமையும் கலந்த அந்தப் பிணைப்புக்கு நானும் வேறு பெயர் சூட்ட விரும்பவில்லை.

ஐயம் வேலையின் நுணுக்கத்திலிருந்து பிறந்தது. பியர் போலி அடையாளத் தாள்கள் கேட்டார். பிடியில் இருக்கும் ஒரு நகரில் நல்ல போலித் தாள் கிடைப்பது எவ்வளவு கடினம் என்பது அவருக்குத் தெரியும். மத்தில்த் அவற்றைக் கொண்டு வந்த வேகமும், முத்திரைகளில் இருந்த குறையின்மையும் அவரை உறுத்தின. குறை இருந்திருந்தால் அவர் ஐயப்பட்டிருக்க மாட்டார். குறையே இல்லாததுதான் குற்றச்சாட்டாயிற்று. அருகில் இருந்து ஒரு மனிதரின் வலிமையையும் எல்லையையும் அறிந்தவருக்கு மட்டுமே எட்டக்கூடிய ஐயம் இது. லண்டனில் அலைவரிசைக்குக் காது கொடுத்திருந்தவர்களுக்கு எட்டியிருக்காது.

ஆராய்வதற்கு உரிய இடம்

மத்தில்த் ஒப்புக்கொண்ட பின் பியருக்கு முன்னே மூன்று வழிகள் இருந்தன. மூன்றையும் அவர் நிலையிலிருந்து எடைபோடுவது இவ்வழக்கில் மிகவும் பயன்தரும் பகுதி.

கொன்றுவிடுவது முதல் வழி. ஆனால் மத்தில்த் மாலையில் பிளைக்கரிடம் திரும்பாவிட்டால், பியரையும் பிளைக்கருக்குத் தெரியவந்திருந்த தோழர்களையும் உடனே வளைத்துவிடுவார்கள். தப்பி ஓடுவது இரண்டாவது. அதன் விளைவும் ஏறத்தாழ அதுவே. மேலும் எதிரி வானொலியை லண்டன் தொடர்ந்து நம்பிக்கொண்டே இருக்கும். வானொலி கெட்டுவிட்டது என்பதை லண்டனுக்குத் தெரிவிப்பதே தலையாய கடமை. ஆனால் தெரிவிக்கக் கையில் இருந்த கருவி அதே கெட்ட வானொலிதான். ஆகவே தாமே நேரில் போக வேண்டும். போவதற்கான படகையும் ஜெர்மானிய வானொலி வழியாகவே கேட்க வேண்டும். கேட்டால் ஜெர்மானியர் தடுக்காமல் இருக்க வேண்டும். அதாவது அந்தப் படகு வருவதை ஜெர்மானியரே விரும்ப வேண்டும். இந்த முடிச்சை அவிழ்க்கக்கூடிய கை உலகில் ஒன்றே ஒன்றுதான் இருந்தது, அது மத்தில்த்தின் கை.

பிளைக்கருக்கு வைத்த தூண்டில் இதுதான். லூகா லண்டன் போய், உயர்நிலைத் தளபதி ஒருவரோடு திரும்பி வந்து, பிரான்ஸ் முழுவதிலும் உள்ள எதிர்ப்பியக்கத் தலைவர்களைக் கூட்டப்போகிறார். அந்தக் கூட்டத்தை ஒரே வீச்சில் பிடிக்கலாம். லூகாவோடு மத்தில்த்தும் போனால் லண்டனின் அமைப்பையே உள்ளிருந்து பார்த்துவரலாம். பிளைக்கரும் அவருடைய மேலதிகாரிகளும் ஒப்புக்கொண்டார்கள்.

இந்தத் திட்டத்தின் உண்மையான விலை திட்டத்துக்குள் தெரிவதில்லை. பியரிடம் உண்மையை ஒப்புக்கொண்ட பிறகும் மத்தில்த் பிளைக்கரின் வீட்டுக்கே திரும்பிப் போக வேண்டியிருந்தது. பகலில் பியரோடு திட்டமிட்டவர், மாலையில் பியரின் கொலையாளியாகக்கூடிய மனிதரோடு உணவு உண்டார். ஒரு சொல் போதும், பியர் அன்றிரவே சிறையில் இருப்பார். அந்தச் சொல் இன்று சொல்லப்படாது என்று நம்புவதற்கு அவரிடம் எந்தச் சான்றும் இல்லை. அந்தப் பெண்ணைப் பற்றிய தம் கணிப்பு மட்டுமே இருந்தது. காதல் சோதிக்கப்பட்டது என்றால், கேள்வி கேட்ட அந்த ஒரு நாளில் அன்று. அதற்குப் பின் வந்த ஒவ்வோர் இரவிலும்தான்.

ஆனால் பியர் கண்மூடி நம்பவில்லை. எஸ்.ஓ.இ.யைச் சேர்ந்த பென் கௌபர்ன் என்ற ஆங்கிலேயருக்கும் உண்மை சொல்லப்பட்டது. படகு முயற்சி எப்படி முடிந்தாலும் அவர் தரை வழியாக ஸ்பெயின் கடந்து செய்தியை லண்டனில் சேர்க்க வேண்டும். நம்பிக்கை வைத்த இடத்திலேயே அந்த நம்பிக்கை பொய்த்தால் தாங்குவதற்கு இரண்டாவது ஆளையும் வைத்த இந்த ஏற்பாடு, லண்டன் தலைமை செய்யத் தவறியது. உறவை மதித்துக்கொண்டே சரிபார்க்க முடியும் என்பதை இவ்வளவு தெளிவாகக் காட்டும் முடிவை நான் வேறெங்கும் கண்டதில்லை.

கடற்கரை

1942 பிப்ரவரி 12 இரவு, பிரித்தனி மாகாணத்தில் லொகிரெக் அருகே மூலன் த லா ரீவ் என்ற சிறு கடற்கரையில் பியர், மத்தில்த், கௌபர்ன் மூவரும் காத்திருந்தார்கள். கரையைச் சுற்றி ஜெர்மானியர் ஒளிந்திருந்தார்கள், தலையிடக் கூடாது என்ற கட்டளையோடு. கப்பலிலிருந்து சிறு படகுகள் வந்தன. அலை அவற்றைப் புரட்டிப் போட்டது. ஏற முடியவில்லை. எதுவும் அறியாமல் கரையிறங்கிய இரண்டு எஸ்.ஓ.இ. ஒற்றர்களும் கடற்படை அதிகாரி ஒருவரும் பின்னர் பிடிபட்டார்கள். திட்டத்தின் கணக்கில் எழுதப்படாத இழப்பு இது, மறக்கவும் கூடாதது. கௌபர்ன் கண்காணிப்பிலிருந்து நழுவி ஸ்பெயின் நோக்கிப் புறப்பட்டார்.

பிளைக்கருக்கு ஐயம் எழ இதைவிட நல்ல தருணம் இல்லை. மத்தில்த் மனம் மாறவும் இதைவிட நல்ல தருணம் இல்லை. இரண்டும் நடக்கவில்லை. பிப்ரவரி 26 இரவு அதே கரையில் படகு வந்தது. எம்.ஜி.பி. 314 என்ற பீரங்கிப் படகு இருவரையும் ஏற்றிக்கொண்டு இங்கிலாந்து சேர்ந்தது. ஆப்வேர் கையசைக்காத குறையாக வழியனுப்பிவைத்த அந்தப் பயணத்தின் முடிவில், லண்டன் மூன்று மாதங்களாக எதிரியோடு பேசிக்கொண்டிருந்தது என்பதைப் பியர் தெரிவித்தார். மத்தில்த் அந்த ஆறு வாரமும் பியரைக் காட்டிக்கொடுக்கவில்லை என்பதற்கு வேறு சான்று தேவையில்லை.

லண்டனின் கணக்கு

பிரிட்டனின் உள்நாட்டுப் பாதுகாப்புத் துறையான எம்.ஐ.5, கிறிஸ்டோபர் ஹார்மர் என்ற அதிகாரியிடம் மத்தில்த்தை ஒப்படைத்தது. கண்காணிப்பில் வைத்திருந்த வீட்டில் தங்கவைத்து விசாரித்தார்கள். சில காலம் பிளைக்கருக்கு அவர் பெயரால் பொய்ச் செய்தியும் அனுப்பினார்கள். கூடவே இருப்பவர் யாரோ அவர் பக்கமே சாயும் இயல்பு என்ற முடிவுக்கு அதிகாரிகள் வந்தார்கள். அந்தக் கணிப்பு தவறென்று சொல்வதற்கில்லை. ஆனால் அதே இயல்பைத்தான் பியர் தம் திட்டத்தின் அச்சாணியாக்கினார்; லண்டன் அதை ஆபத்து என்று மட்டும் பதிந்துகொண்டது.

இருவரும் சேர்ந்து திரும்புவதாகப் பிளைக்கருக்குச் சொல்லியிருந்தது. ஏப்ரல் 1 அன்று பியர் மட்டும் பாரசூட்டில் இறங்கினார். மீண்டும் வானொலி இல்லாத நிலை. ஆள் கையில் கொடுத்து அனுப்பிய அறிக்கை, ஜெர்மானியப் பிடியில் இருந்த பகுதியையும் இல்லாத பகுதியையும் பிரித்த எல்லைக்கோட்டில் சிக்க, ஏப்ரல் 25 அன்று பிடிபட்டார். தம் தோழர்களைப் போர்க்கைதிகளாக நடத்த வேண்டும் என்ற கோரிக்கையை முன்வைத்துப் போராடி, கடைசியில் ஜெர்மனியில் போர்க்கைதி முகாமாக இருந்த கோல்டிட்ஸ் கோட்டையில் அடைக்கப்பட்டு உயிர் பிழைத்தார். அவர் பிடிபட்டபின் லண்டனில் மத்தில்த்தால் ஆகவேண்டியது எதுவும் இல்லை. ஜூலையில் அவரைச் சிறையில் அடைத்தார்கள். போர் முடியும்வரை இங்கிலாந்துச் சிறைகளிலேயே இருந்தார்.

ஒப்பிட்டுப் பார்க்க வேண்டிய இன்னொரு கதை இதனுள்ளேயே இருக்கிறது. சிறையில் இருந்த செர்னியாவ்ஸ்கியும் ஜெர்மானியருக்கு வேலை செய்ய ஒப்புக்கொண்டார்; பிடிபட்ட தம் ஆட்களின் உயிரை அதற்கு விலையாகக் கேட்டார். 1942 ஜூலையில் ‘தப்பித்ததாக’ நாடகமாடவிட்டார்கள். பின்னர் லண்டன் வந்து, தாமதமாகவேனும் உண்மையைச் சொன்னார். அவரையும் கையாண்டவர் அதே ஹார்மர்தான். நீண்ட ஐயத்துக்குப் பின் எம்.ஐ.5 அவரைப் பயன்படுத்த முடிவு செய்தது. ‘புரூட்டஸ்’ என்ற பெயரில் அவர் அனுப்பிய பொய்ச் செய்திகள், 1944-இல் நேசப்படைகள் நார்மண்டியில் இறங்கியபோது முதன்மைத் தாக்குதல் கலே பக்கம்தான் என்று எதிரியை நம்பவைத்த ஏமாற்றுத் திட்டத்தில் பெரும்பங்கு வகித்தன. ஒருவருக்குக் கிடைத்த இரண்டாம் வாய்ப்பு மற்றவருக்குக் கிடைக்கவில்லை. செர்னியாவ்ஸ்கி தோழர்களைக் கைகாட்டவில்லை, மத்தில்த் கைகாட்டினார் என்ற வேறுபாடு பெரியது. அதை மறைத்து அவருக்காக வழக்காட எனக்கு மனமில்லை. ஆனாலும் பிப்ரவரிக் கடற்கரையை எடைத்தட்டில் வைக்காமல் எழுதிய தீர்ப்புகளும் முழுமையானவை அல்ல.

1945 ஜூனில் பிரான்ஸிடம் ஒப்படைக்கப்பட்ட மத்தில்த் மீதான விசாரணை 1949 ஜனவரியில் பாரிஸில் நடந்தது. குற்றஞ்சாட்டப்பட்டவர்களின் இருக்கையில் அவரோடு அமர்ந்திருந்தவர் ரெனே போர்னி. ஏழாண்டுகளுக்கு முன் செர்னியாவ்ஸ்கியின் வீட்டில் யார் இடம் யாருக்கு என்று மௌனமாகப் போட்டியிட்ட இரு பெண்களும் ஒரே அறையில் தீர்ப்புக்குக் காத்திருந்தார்கள். ரெனே குறுகிய தண்டனையோடு விடுபட்டார். மத்தில்த்துக்கு ஜனவரி 7 அன்று மரண தண்டனை விதிக்கப்பட்டது. சில மாதங்களில் அது சிறைத் தண்டனையாகக் குறைக்கப்பட்டது. 1954-இல் அவர் வெளியே வந்தார்.